ஸ்ரீதர்: அழவைத்த பேனாவும் சிரிக்கவைத்த பேனாவும் ஒன்றுதானா?

கதைமேசை:

எல்லோருக்கும் வணக்கம். வேலைக்குப் போய்க்கொண்டே குறும்படம் எடுக்க முயற்சி செய்கிறவள் நான். திரைக்கதை கற்றுக்கொள்ள வேண்டும் என்று பழைய படங்களாகத் தேடிப் பார்த்துக்கொண்டிருக்கிறேன். போன வாரம் 'நெஞ்சில் ஓர் ஆலயம்' பார்த்தேன். அடுத்த நாளே 'காதலிக்க நேரமில்லை'. இரண்டையும் எழுதி இயக்கியவர் ஒரே ஆள் என்பது டைட்டில் கார்டைப் பார்த்தும் நம்பமுடியவில்லை. 1962-இல் ஒரு மருத்துவமனைக்குள் மூன்று பேரை வைத்து உலுக்கியவர், 1964-இல் ஈஸ்ட்மன் கலரில் கண்ணில் நீர் வரச் சிரிக்கவைக்கிறார். நடுவில் 1963-இல் 'நெஞ்சம் மறப்பதில்லை' என்று முன்ஜென்மக் கதை வேறு.

எனக்கு வேண்டியது "பல்துறை வித்தகர்" என்கிற மாதிரிப் பாராட்டு இல்லை. எழுதுகிற ஆளாகப் பார்த்தால் ஸ்ரீதர் என்ன செய்தார்? எப்படி ஒரு வகையிலிருந்து இன்னொன்றுக்குத் தாவினார்? அப்புறம், எந்தப் படத்தை எதற்கு அடுத்துப் பார்த்தால் அது விளங்கும்?

மெட்டுக்காரி:

வரிசை மட்டும் நான் சொல்கிறேன். 'கல்யாண பரிசு' (1959), 'தேன் நிலவு' (1961), 'சுமைதாங்கி' (1962), 'போலீஸ்காரன் மகள்' (1962), 'வெண்ணிற ஆடை' (1965), 'ஊட்டி வரை உறவு' (1967). அப்புறம் ஒரு தாவு தாவி 'இளமை ஊஞ்சலாடுகிறது' (1978), 'நினைவெல்லாம் நித்யா' (1982), 'தென்றலே என்னைத் தொடு' (1985). பாட்டுக்காகவே பார்க்கலாம். ஏ.எம்.ராஜாவில் தொடங்கி விஸ்வநாதன்–ராமமூர்த்தி வழியாக இளையராஜா வரை, யாரிடம் போனாலும் நல்ல பாட்டு வாங்கிக்கொண்டு வந்த இயக்குநர். அந்தக் காது எல்லோருக்கும் வாய்க்காது.

ஒன்றை மறக்காதீர்கள். 'காதலிக்க நேரமில்லை' சிரிப்பில் பாதிப் பங்கு சித்ராலயா கோபுவுக்கு. செங்கல்பட்டில் ஒன்றாகப் படித்த நண்பர். ஸ்ரீதர் தனியாகச் சிரிக்கவைக்கவில்லை.

கார்பன் குச்சி:

கதைமேசை அம்மா, நான் எழுத்தாளனும் இல்லை, விமர்சகனும் இல்லை. ஆனைமலைப் பக்கம் ஒரு டூரிங் கொட்டகையில் ஆபரேட்டராக இருந்தவன். பெரிய ஊர்த் தியேட்டர்களில் எல்லாம் ஓடித் தேய்ந்த பிரிண்ட்தான் எங்களுக்கு வரும். மழைக்கோடு விழுந்திருக்கும், பாட்டு நடுவில் வெட்டுப்பட்டிருக்கும். ஆனாலும் ஸ்ரீதர் படம் பெட்டி வந்துவிட்டது என்றால் முதலாளி முகத்தில் ஒரு தெளிவு வரும்.

எங்கள் கொட்டகையில் ஒரே புரொஜெக்டர். ஆகவே இடைவேளை ஒன்றோடு நிற்காது. ரீல் மாற்றும்போதெல்லாம் விளக்கைப் போட்டாக வேண்டும். தரை டிக்கெட்டில் முறுக்கு விற்கிற பையன் சுற்றிவருவான், சனம் கதை பேசும். அறையின் ஓட்டை வழியாக அந்தப் பேச்சு எனக்குக் கேட்கும். திரைக்கதை பற்றி எனக்குத் தெரிந்ததெல்லாம் அப்படிக் காதில் விழுந்ததுதான்.

சண்டைப்படம் ஓடினால் ரீல் மாற்றும்போது "அடுத்து என்ன ஆகும்" என்று பேசுவார்கள். ஸ்ரீதர் படத்தில் பேச்சு வேறு. "அக்காக்காரிக்குத் தெரிஞ்சுருமா?" "டாக்டர்கிட்ட இவ சொல்லுவாளா?" "பாலையாவுக்கு எப்போ உறைக்கும்?" எந்தப் படம் போட்டாலும் கேள்வி 'யாருக்குத் தெரியும், யாருக்குத் தெரியாது' என்பதில்தான் வந்து நிற்கும். அழுகைப் படமா சிரிப்புப் படமா என்பது அப்புறம்தான்.

'கல்யாண பரிசு' எடுத்துக்கொள்ளுங்கள். ஒரே வீட்டில் அக்கா கீதா, தங்கை வசந்தி. அங்கேயே குடியிருக்கிற பாஸ்கரும் வசந்தியும் காதலிக்கிறார்கள். அது தெரியாமல் தையல் மிஷினை மிதித்துக் குடும்பத்தைத் தூக்கி நிறுத்துகிற அக்காவும் அவன்மேல் ஆசை வைக்கிறாள். அதைத் தங்கையிடமே சொல்கிறாள். அந்த நிமிடத்திலிருந்து கொட்டகையில் இருக்கிற ஒவ்வொருவருக்கும் கீதாவைவிட அதிகம் தெரியும். கீதாவாக வரும் விஜயகுமாரி சிரித்தால் கூட்டத்துக்கு வயிறு கலங்கும். வில்லன் கிடையாது, சாட்டை கிடையாது, ஒரு வீடு போதும். இதை இயக்கும்போது ஸ்ரீதருக்கு வயது இருபத்தைந்து. 1933 ஜூலையில் பிறந்தவர், படம் 1959 ஏப்ரலில் வந்தது.

இன்னொன்றையும் கவனியுங்கள். அதே படத்தில் தங்கவேலு வேலைவெட்டி இல்லாமல், மன்னார் அண்ட் கம்பெனியில் மேனேஜர் என்று மனைவி எம்.சரோஜாவை நம்பவைத்திருப்பார். அப்புறம் எழுத்தாளர் பைரவனே நான்தான் என்பார். நமக்குத் தெரியும், சரோஜாவுக்குத் தெரியாது. மேலே கீதாவுக்கு ஒன்று தெரியாமல் அழுகிறோம். கீழே சரோஜாவுக்கு ஒன்று தெரியாமல் சிரிக்கிறோம். ஒரே படம், ஒரே சூத்திரம், இரண்டு ருசி. நீங்கள் கேட்ட தாவல் 1962-க்கும் 1964-க்கும் நடுவில் நடக்கவில்லை அம்மா. முதலில் இயக்கிய படத்திலேயே இரண்டும் பக்கத்தில் பக்கத்தில் இருக்கின்றன.

இயக்குநர் ஆவதற்கு முன்னால் அவர் எழுத்தாளராகச் சம்பளம் வாங்கிய படங்களிலும் இதுதான். 'எதிர்பாராதது' (1954): காதலன் இறந்துவிட்டான் என்று எல்லோரும் நம்புகிறார்கள். அவன் திரும்பி வந்தால், காதலி அவனுடைய அப்பாவுக்கே மனைவி. சிவாஜி, பத்மினி, நாகையா மூன்று பேரும் ஒரே வீட்டுக்குள். 'அமரதீபம்' (1956): நாயகனுக்கு ஞாபகம் போய்விடுகிறது. அவன் யாரைக் காதலித்தான் என்று அவனுக்குத் தெரியாது, பார்க்கிற நமக்குத் தெரியும். இருபது, இருபத்திரண்டு வயதுப் பையன் எழுதியது!

'காதலிக்க நேரமில்லை'யில் என்ன செய்தார்? பாலையாவின் மகளைக் கட்டிக்கொள்ள ரவிச்சந்திரன் தன்னைக் கோடீஸ்வரர் மகன் என்கிறார். அந்தக் கோடீஸ்வர அப்பாவாகக் கிழவேஷம் கட்டி வருகிறவர் நண்பர் முத்துராமன். அந்தக் கிழவருக்கோ பாலையாவின் இன்னொரு மகள்மேலேயே காதல்! 'கல்யாண பரிசு' மாதிரியே ஒரு வீடு, இரண்டு பெண்கள், ஒரு ரகசியம். அங்கே ரகசியம் கசிந்தால் உயிர் போகும். இங்கே கசிந்தால் மானம் போகும், அவ்வளவுதான். நாகேஷ் பாலையாவுக்குப் பேய்க்கதை சொல்கிற காட்சியில் நாகேஷைப் பார்க்காமல் பாலையாவை மட்டும் ஒருதரம் பாருங்கள். வசனம் முழுக்க நாகேஷ் வாயில்; காட்சி நடப்பது பாலையா முகத்தில். ஓஹோ புரொடக்‌ஷன்ஸுக்குக் கதை கேட்க உட்கார்ந்த பெரிய மனிதர், கதை என்பதே மறந்து பயந்துபோகிறார்.

அந்தப் படம் எங்களுக்குத் தனி விசேஷம். எங்கள் பக்கத்து ஆழியாறு கெஸ்ட் ஹவுஸ் திரையில் வந்தால் போதும், 'விஸ்வநாதன் வேலை வேணும்' முதல் வரி யாருக்கும் கேட்காது. அத்தனை விசில்.

கதைமேசை:

ஐயா, மிக்க நன்றி. 'எதிர்பாராதது' கதையைப் படித்ததும் நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்துவிட்டேன். ஒரு சந்தேகம். 'நெஞ்சில் ஓர் ஆலய'த்தில் ரகசியம் சீக்கிரமே உடைந்துவிடுகிறதே? மனைவியும் டாக்டரும் முன்னால் காதலித்தவர்கள் என்பது கணவனுக்கே தெரிந்துவிடுகிறது. அதற்கப்புறமும் படம் எப்படித் தாங்குகிறது?

கார்பன் குச்சி:

நல்ல இடத்தில் கை வைத்தீர்கள். அங்கேதான் அவர் ஒரு படி மேலே போனார் என்பேன்.

முதல் பாதியில் வழக்கம்போல: தேவிகா கணவனைச் சேர்க்கக் கூட்டிவந்தால், மருத்துவம் பார்க்கப்போவது பழைய காதலன் கல்யாண்குமார். கணவன் முத்துராமனுக்குத் தெரியாது. பிறகு தெரிந்துவிடுகிறது. சாதாரணமாக எழுதுகிறவர் இங்கே ஒரு சண்டை வைப்பார், இல்லையென்றால் சந்தேகம். இவர் கணவனையே பெருந்தன்மைக்காரன் ஆக்கிவிட்டார். நான் பிழைக்காவிட்டால் நீ டாக்டரைக் கல்யாணம் செய்துகொள் என்கிறான். 'சொன்னது நீதானா' அதற்கு அவள் பாடுகிற பதில். அந்தப் பாட்டைத் தனியாகக் கேட்டால் சோகப்பாட்டு. படத்தில் அது கோபப்பாட்டு.

இனிமேல் தெரியாதது ஒன்றே ஒன்றுதான், அது யாருக்குமே தெரியாது: டாக்டரின் கை ஆபரேஷன் மேசையில் என்ன செய்யும்? அவளுக்கே அந்தச் சந்தேகம் வருகிறது. அந்தச் சந்தேகத்தைத் துடைக்கத்தான் அவர் ராப்பகல் பாராமல் படித்து, உழைத்து, தேய்ந்துபோகிறார். நல்லவர்கள் மூன்று பேரை ஒரு அறையில் அடைத்துவிட்டு, ஒருவர் நல்லவர் என்பதை இன்னொருவர் நம்பமுடியாமல் செய்துவிட்டார் பாருங்கள். எங்கள் கொட்டகையில் அந்தக் கடைசி ரீல்களுக்கு முன்னால் விளக்கைப் போட்டால் முறுக்குப் பையனை யாரும் கூப்பிடமாட்டார்கள். முதலாளிக்குத்தான் நட்டம்.

ஒரே மருத்துவமனை செட். ஒரு மாதத்துக்குள் படப்பிடிப்பை முடித்துவிட்டார்கள். இடம் சின்னதாக இருந்ததால் ஒளிப்பதிவாளர் வின்சென்ட்டின் கேமரா தேடித் தேடிக் கோணம் பிடித்திருக்கிறது. படத்தின் சிக்கனமும் எழுத்திலிருந்து வந்ததுதான். வெளியே போகவேண்டிய அவசியமே கதையில் இல்லை.

நெகடிவ் கட்டர்:

மாற்றுக் கருத்துக்கு மன்னிக்கவும். ஆபரேட்டர் அண்ணன் சொல்வது ருசியாக இருக்கிறது, ஆனால் 'ஒருவருக்குத் தெரியும், ஒருவருக்குத் தெரியாது' என்பது நாடகக் காலத்திலிருந்து எல்லோர் கையிலும் இருக்கிற கருவி. அதை வைத்து ஸ்ரீதர் மட்டும் தனி என்று எப்படிச் சொல்வது? 'போலீஸ்காரன் மகள்' பி.எஸ்.ராமையாவின் நாடகம். அவருடைய பலம் எழுத்தைவிட ஆட்களைச் சேர்ப்பதில் என்பது என் எண்ணம். ரவிச்சந்திரன் அவர் படத்தில் அறிமுகம். ஜெயலலிதா தமிழில் அறிமுகமானது 'வெண்ணிற ஆடை'. நிர்மலா, மூர்த்தி இருவருக்கும் அந்தப் படத்தின் பெயரே அடைமொழியாக ஒட்டிக்கொண்டது. ஸ்ரீகாந்துக்கும் அதுதான் தொடக்கம். வின்சென்ட், கோபு, விஸ்வநாதன்–ராமமூர்த்தி, கண்ணதாசன்: இப்படி ஒரு கூட்டணி இருந்தால் யாருக்கும் சில படங்கள் அமையும்.

அப்புறம் அதே 1964-இல் வந்த 'கலைக்கோவில்' என்ன ஆயிற்று? பாட்டு இன்றைக்கும் நிற்கிறது, படம் போகவில்லை. 'சிவந்த மண்' (1969) ஐரோப்பா வரை போய் எடுத்தார். பிரம்மாண்டம் உண்டு, ஸ்ரீதர் எங்கே? எம்.ஜி.ஆரை வைத்து 'அன்று சிந்திய ரத்தம்' தொடங்கி நின்றுபோன கதைதான் சிவாஜிக்குப் போய் 'சிவந்த மண்' ஆனது. கதாநாயகன் மாறினால் கதை மாறாதா?

மெட்டுக்காரி:

'தங்கரதம் வந்தது வீதியிலே' பாட்டு வந்த 'கலைக்கோவி'லைத் தோல்வி என்று சொல்ல எனக்கு வாய் வராது. மற்றபடி நெகடிவ் கட்டர் சொல்வதில் நியாயம் இருக்கிறது.

கார்பன் குச்சி:

நெகடிவ் கட்டர் தம்பி, கருவி எல்லோருக்கும் பொது, சரி. உளியும்தான் பொது. நான் சொல்வது அவர் அதை எங்கே வைத்தார் என்பது. மற்ற படங்களில் ரகசியம் வில்லன் கையில் இருக்கும், கடைசியில் கடிதமோ மச்சமோ வந்து உடைக்கும். இவர் படங்களில் நல்லவர்கள் ஒருவர் மனம் நோகக்கூடாது என்று இன்னொருவர் மறைக்கிறார்கள். 'வெண்ணிற ஆடை'யில் மனம் பேதலித்த இளம் விதவை தன்னைக் குணப்படுத்தும் டாக்டர்மேல் ஆசை வைக்கிறாள். அவருக்கு வேறொருத்தி இருக்கிறாள் என்று சொன்னால் குணமானது மறுபடி கெட்டுவிடும். சொல்லாவிட்டாலும் பாவம். இப்படி ஒரு இக்கட்டை அந்தக் காலத்தில் எத்தனை பேர் எழுதினார்கள்? 'ஏ' சான்றிதழ் கொடுத்துப் பாதிக் கூட்டத்தை வெளியே நிறுத்தினார்கள், அது வேறு கதை.

பெரிய நட்சத்திரப் படங்கள் பற்றி உங்களோடு பாதி உடன்படுகிறேன். எம்.ஜி.ஆர். திரையில் வந்தால் கொட்டகையில் யாருக்கும் எதுவும் சந்தேகம் இருக்காது, அவர் ஜெயிப்பார். ரகசியத்துக்கு அங்கே இடமே இல்லை. ஆனால் 'உரிமைக்குரல்' (1974) வரும்போது ஸ்ரீதர் கடன் நெருக்கடியில் இருந்தவர். அந்தப் படம்தான் அவரைத் தூக்கிவிட்டது. ரேக்ளாப் பந்தயம், குடும்பம், நிலம் என்று எம்.ஜி.ஆருக்கு வேண்டியதை அவருக்குத் தகுந்தபடி எழுதிக்கொடுத்தார். அதுவும் ஒரு கைத்திறன்தான். விழுந்து விழுந்து ரசிக்கவேண்டியதில்லை, ஆனால் ஏளனம் செய்யவும் மாட்டேன். எங்கள் கொட்டகையில் 'உரிமைக்குரல்' போட்ட நாளில் தரை போதாமல் படுதாவைத் தூக்கிவிட்டோம்.

பாருங்கள், நெருக்கடி தீர்ந்ததும் அவர் எங்கே திரும்பினார்? 'இளமை ஊஞ்சலாடுகிறது'. கமல், ரஜினி, ஸ்ரீப்ரியா, ஜெயசித்ரா. நண்பனுடைய காதலி என்று தெரியாமல் இன்னொருவன் அவளை விரும்புகிறான். தெரிந்தவன் வாயைத் திறப்பதில்லை. பழைய சரக்குதான். அப்போது நான் பொள்ளாச்சியில் இரண்டு புரொஜெக்டர் உள்ள தியேட்டருக்கு வந்துவிட்டேன். ரீல் மாற்ற விளக்குப் போடவேண்டியதில்லை, சனம் பேசுவது கேட்காது. ஆனால் இடைவேளையில் சோடாக் கடைப் பக்கம் நின்றால் இளவட்டங்கள் பேசியது அதே கேள்வி: "ரஜினிக்குத் தெரிஞ்சா என்னாகும்?"

நெகடிவ் கட்டர்:

நல்லவர்கள் மறைப்பது, வில்லன் மறைப்பது என்று பிரித்ததை ஏற்றுக்கொள்கிறேன் அண்ணா. 'கலைக்கோவில்' பற்றி மட்டும் நைசாக நழுவிவிட்டீர்கள்.

இன்னொரு விஷயத்தையும் சேர்த்துக்கொள்ளலாம். தன் படங்களை இந்திக்கு அவரே கொண்டுபோனார். 'கல்யாண பரிசு' 1961-இல் ராஜ் கபூர், வைஜயந்திமாலாவோடு 'நஸ்ரானா'. 'நெஞ்சில் ஓர் ஆலயம்' 1963-இல் 'தில் ஏக் மந்திர்', தேவிகா இடத்தில் மீனா குமாரி. 'காதலிக்க நேரமில்லை' 1966-இல் 'ப்யார் கியே ஜா', நாகேஷ் இடத்தில் மெஹ்மூத், பாலையா இடத்தில் ஓம் பிரகாஷ். கூட்டணி பெரும்பாலும் மாறியும் படம் நின்றது என்றால், எழுத்தில் ஏதோ இருந்திருக்கிறது. என் வாதத்துக்கே எதிரான சான்றை நானே எடுத்துக்கொடுக்கிறேன்.

கதைமேசை:

எல்லோருக்கும் நன்றி. இந்த ஞாயிறு 'கல்யாண பரிசு' பார்க்கிறேன், தங்கவேலு பகுதிகளைத் தனியாக இன்னொரு முறையும்.

என் குறும்படக் கதையை இரண்டு வரியில் சொல்கிறேன். வேலை போனதை வீட்டில் சொல்லாமல் தினமும் டிபன் பாக்ஸோடு கிளம்புகிற அப்பா. கடைசி நிமிடத்தில்தான் அவருக்கு வேலையில்லை என்று பார்ப்பவருக்கே தெரியும். அந்தத் திருப்பத்துக்காகத்தான் படமே. இப்போது அதை முதல் காட்சிக்குக் கொண்டுவரலாமா என்று தோன்றுகிறது.

கார்பன் குச்சி:

தாராளமாக. முதல் காட்சியிலேயே அவர் பார்க் பெஞ்சில் உட்கார்ந்து டிபன் பாக்ஸைத் திறக்கட்டும். அப்புறம் வீட்டில் மகள் "இன்னைக்கு ஆபீஸ்ல என்னப்பா?" என்று கேட்டால், அந்தச் சாதாரணக் கேள்விக்கே ஜனம் பதறும். அது அழுகையா சிரிப்பா என்பதை அவர் என்ன பதில் சொல்கிறார் என்பதில் வைத்துக்கொள்ளுங்கள். மகளுக்கு ஏற்கெனவே தெரியுமா என்பதையும் எழுதுவதற்கு முன்னால் முடிவுசெய்துவிடுங்கள், ஏனென்றால் கதை அங்கே இரண்டாகப் பிரியும்.

மெட்டுக்காரி:

மகளுக்குத் தெரிந்திருந்தால் அந்த டிபன் பாக்ஸைக் கட்டிக்கொடுப்பதே அவள்தான் என்று வையுங்கள். பின்னணி இசைக்கு ஆள் வேண்டுமென்றால் தனிச்செய்தி அனுப்புங்கள். வீணை வாசிக்கிற தோழி ஒருத்தி இருக்கிறாள், சும்மா வாசித்துத் தருவாள். 'கலைக்கோவில்' பார்த்து வீணை எடுத்தவள்.